பாலைநிலத்தின் அன்றாட அப்பம்

நம் ஊர் வயல்வரப்புகளில் நான்கு சிற்றிலைகளோடு படரும் ஆரைக்கீரையை நாம் அறிவோம். அவ்வினத்தைச் சேர்ந்த நார்டூ என்னும் செடி, ஆஸ்திரேலியாவின் உட்பகுதியில், வெள்ளம் வந்து வடியும் நிலங்களில் வளர்கிறது. நாம் இலையைச் சமைக்கிறோம். அந்நாட்டுத் தொல்குடியினரோ, விதை போன்ற அதன் கடினமான காய்களை அரைத்து அப்பமாக்கினர். அச்சிறு காயைச் சுற்றி நிகழ்ந்த வரலாறு நம் சிந்தனைக்குரியது.

1860 ஆகஸ்டில், பர்க் என்பவரின் தலைமையில் ஓர் ஆய்வுக்குழு மெல்போர்னிலிருந்து புறப்பட்டது. கண்டத்தைத் தெற்கிலிருந்து வடக்காகக் கடப்பதே அதன் நோக்கம். வடகடலை நெருங்கித் திரும்பிய பர்க், வில்ஸ், கிங் ஆகிய மூவரும் 1861-இல் கூப்பர் ஓடைக்கரையில் உணவின்றித் தவித்தனர். அங்கு வாழ்ந்த யந்துருவந்தா மக்கள் அவர்களுக்கு மீனும் நார்டூ அப்பமும் அளித்தனர். பர்க்கோ ஒருநாள் துப்பாக்கியால் சுட்டு அவர்களை அச்சுறுத்தினார். அம்மக்கள் அகன்றபின், மூவரும் தாமே நார்டூவைத் திரட்டி இடித்து உண்டனர். வயிறு நிறைந்தது, உடலோ நாளுக்கு நாள் மெலிந்தது. பர்க்கும் வில்ஸும் மாண்டனர். கிங் மட்டும் அம்மக்களிடம் அடைக்கலம் புகுந்து, செப்டம்பர் 15 அன்று மீட்கப்படும்வரை உயிர் பிழைத்திருந்தார்.

காரணம் யாது? நார்டூவில் பி1 உயிர்ச்சத்தை அழிக்கும் நொதி மிகுதியாக உண்டு. தொல்குடிப் பெண்கள் காய்களை நீர்விட்டு அரைத்து, நெருப்பில் பக்குவப்படுத்தி, அதன் தீங்கைக் குறைத்தனர். அம்முறையை அறியாது உண்டதால் விளைந்த பெரிபெரி நோயே அவ்விருவரின் மரணத்துக்கு வழிவகுத்திருக்கும் என 1994-இல் வெளியான ஆய்வொன்று விளக்கியது. செடி ஒன்றுதான், அறிந்தோர்க்கு அது அப்பம், அறியாதோர்க்கு நஞ்சு.

பசித்தோர்க்கு உணவளித்தவர்களை ஆண்டவர் தம் வலப்பக்கம் நிறுத்துவார் என மத்தேயு நற்செய்தியின் 25-ஆம் அதிகாரத்தில் வாசிக்கிறோம். திருமுழுக்குப் பெறாத மக்கள் அதைச் செய்தனர். கைம்மாறாகத் தொல்குடியினர் பெற்றது யாது? அவர்தம் நிலங்கள் மேய்ச்சற் காடுகளாயின. பலர் அரசுக் குடியிருப்புகளிலும் மறைபரப்புத் தளங்களிலும் குடியமர்த்தப்பட்டு, பங்கிட்டளித்த மாவையும் சர்க்கரையையும் தேயிலையையும் நம்பி வாழ்ந்தனர். குழந்தைகள் பலர் தாயரிடமிருந்து பிரிக்கப்பட்டு விடுதிகளில் வளர்க்கப்பட்டனர். அவற்றுள் கத்தோலிக்க விடுதிகளும் இருந்தன என்பதை நாம் மறைத்தலாகாது. எக்காயை எப்பருவத்தில் திரட்டுவது, எவ்வாறு பக்குவப்படுத்துவது என்பன ஏட்டில் எழுதப்பட்டவையல்ல. தாயின் பின்னே நடந்து மகள் கற்றவை. தாயும் மகளும் பிரிக்கப்பட்ட இடங்களில் அக்கல்வியும் அறுந்தது.

1986 நவம்பர் 29 அன்று ஆலிஸ் ஸ்பிரிங்ஸில், அம்மக்களின் பண்பாடு மறைய விடலாகாது என்று திருத்தந்தை இரண்டாம் ஜான் பால் எடுத்துரைத்தார். இன்று அந்நாட்டு உணவகங்கள் காட்டுப்பழங்களையும் விதைகளையும் விரும்பி வாங்குகின்றன. இது நன்றே. எனினும் செடியை மட்டும் எடுத்துக்கொண்டு, அதைக் காத்தோரை அகற்றிவிடுவது பர்க் சென்ற வழியே. நிலமும் மொழியும் முதியோரின் வாய்ச்சொல்லும் ஒருங்கே காக்கப்பட்டாலன்றி அவ்வறிவு நிலைபெறாது. அன்றாட உணவைத் தாரும் என்று தந்தையிடம் மன்றாடும் நாம், அவ்வுணவை உண்ணும் முறையைத் தலைமுறைதோறும் காத்துத் தந்த எளியோரையும் அம்மன்றாட்டில் நினைவுகூர்வோமாக.