புரூஸ் லீக்கு டூப்... 'குங்ஃபூ ஹசில்' ஹவுஸ் ஓனர்! யார் இந்த யூன் வா?

'என்டர் தி டிராகன்' பார்த்தவங்க அந்த சீனை மறந்திருக்க மாட்டாங்க. ஓஹாரா என்ற அடியாளோடு மோதும் புரூஸ் லீ, பின்பக்கமாக பல்டி அடித்தபடியே அவனை உதைப்பார். ஆனா, அந்த பல்டியை அடிச்சது புரூஸ் லீ இல்ல. அவருக்கு டூப் போட்ட யூன் வா.

புரூஸ் லீக்கே டூப்பா?

சண்டையில் அந்தக் கை, கால் வேகம் எல்லாம் புரூஸ் லீயோடதுதான். ஆனா, அந்தரத்தில் பல்டி அடிப்பது தனி வித்தை. சின்ன வயசிலிருந்தே உடம்பை வளைத்துப் பழகியிருக்கணும். யூன் வா அப்படிப் பழகியவர். 'ஃபிஸ்ட் ஆஃப் ஃபியூரி' (1972), 'என்டர் தி டிராகன்' (1973) படங்களில் பல்டி காட்சிகளுக்கு அவரைத்தான் கூப்பிட்டாங்க.

'யூன்' குடும்பப் பெயரா?

இல்லை. 1950-ல் பிறந்த இவர், ஹாங்காங்கில் யூ ஜிம்-யூன் என்ற ஆசான் நடத்திய பீகிங் ஓபரா பள்ளியில் படித்தவர். ஆசானின் பெயரிலிருந்து 'யூன்' என்பதை மாணவர்கள் தங்கள் மேடைப் பெயரில் சேர்த்துக்கொள்வாங்க. அங்கே ஜாக்கி சானின் பெயர் யூன் லோ. சாமோ ஹங், யூன் பியாவ் இருவரும் அதே பள்ளிதான்.

நண்பர்கள் ஹீரோ, இவர் வில்லன்

கூடப் படிச்சவங்க ஹீரோ ஆனாங்க. அவங்க படங்களிலேயே யூன் வா வில்லன் ஆனார். 'ஈஸ்டர்ன் கொண்டோர்ஸ்' (1987) படத்தில் சிரித்துக்கொண்டே மிரட்டும் ராணுவ அதிகாரி, 'டிராகன்ஸ் ஃபாரெவர்' (1988) படத்தில் சுருட்டும் கையுமாகத் திரியும் கும்பல் தலைவன். ஒல்லியான உடம்பு, மீசை... பார்த்ததும் 'அட, அந்த ஆளு' என்பாங்க. பெயர் மட்டும் பலருக்குத் தெரியாது.

54 வயதில் திருப்பம்

2004-ல் ஸ்டீபன் சோவ் இயக்கிய 'குங்ஃபூ ஹசில்' வெளியானது. மனைவியிடம் அடி வாங்கும் ஹவுஸ் ஓனராக வந்து, பாதிப் படத்துக்கு மேல் பெரிய குங்ஃபூ மாஸ்டராக மாறுவார் யூன் வா. மனைவியாக நடித்த யூன் சியூவும் அதே ஓபரா பள்ளி மாணவிதான். அந்த வேடத்துக்காக 2005-ல் ஹாங்காங் திரைப்பட விருதுகளில் சிறந்த துணை நடிகராகத் தேர்வானார். பிறகு மார்வெலின் 'ஷாங்-சி' (2021) வரை வந்தார்.

டூப்புக்கு விருது உண்டா?

முகத்தைக் காட்டி நடித்த பிறகுதான் யூன் வாவுக்கு அந்த விருது கிடைத்தது. புரூஸ் லீக்காக அடித்த பல்டிகளுக்கு இல்லை. ஆஸ்கரில் 2027-ல் வெளியாகும் படங்களிலிருந்துதான் ஸ்டண்டுக்கென தனி விருது தொடங்குது. அதுவும் ஸ்டண்ட் வடிவமைப்புக்கு.

அடுத்த முறை 'என்டர் தி டிராகன்' பார்த்தா, பல்டி அடிக்கும்போது முகம் தெரியாத அந்த ஒரு நொடியைக் கவனிங்க. அதுதான் யூன் வா.