ஓபராவும் அதன் கையேடுகளும்

ஓபராவுக்கு அறிமுக நூல்கள் எழுதப்பட்ட வரலாற்றை ரசனையின் வளர்ச்சியாகப் பார்ப்பது வழக்கம். அரங்கத்தின் வெளிச்சத்தை வைத்து அதைப் பார்த்தால் விஷயம் இன்னும் துலக்கமாகிறது. பார்வையாளன் கையில் புத்தகம் இருந்ததா, அதைப் படிக்க வெளிச்சம் இருந்ததா, அது அவன் மொழியில் இருந்ததா என்ற மூன்று கேள்விகள் போதும்.

1607 பிப்ரவரியில் மான்டுவா அரண்மனையில் மான்டெவெர்டியின் 'ஓர்ஃபியோ' அரங்கேறியபோது, அலெஸ்ஸாண்ட்ரோ ஸ்ட்ரிஜ்ஜோ எழுதிய பாடம் ஏற்கெனவே அச்சாகியிருந்தது. வந்தவர்கள் அதைக் கையில் வைத்துக்கொண்டே கேட்டார்கள். 'லிப்ரெட்டோ' என்ற இத்தாலியச் சொல்லுக்குச் சின்னப் புத்தகம் என்பதுதான் அர்த்தம். 1637-ல் வெனிஸில் சான் காசியானோ அரங்கம் டிக்கெட் வாங்கி வருகிற எவருக்கும் திறக்கப்பட்டது. அங்கே பாட்டுப் புத்தகமும் அதைப் படிக்கச் சிறு மெழுகுவர்த்தியும் வாங்கிக்கொண்டு உட்காரும் பழக்கம் வந்தது. நூலகங்களில் மிஞ்சியிருக்கும் அந்தக் காலப் பிரதிகள் சிலவற்றில் மெழுகு சொட்டிய கறை இன்றும் இருக்கிறது. லண்டனில் 1711-ல் ஹாண்டெலின் 'ரினால்டோ' இத்தாலிய மொழியில் பாடப்பட்டபோது, புத்தகத்தில் இத்தாலியமும் ஆங்கிலமும் சேர்ந்தே அச்சாகியிருந்தன.

ஆக முதல் இரண்டு நூற்றாண்டுகளுக்குக் கையேடு என்று தனியாக ஒன்று தேவைப்படவில்லை. சொல் கையில் இருந்தது, இசை மேடையிலிருந்து வந்தது. இரண்டுக்கும் நடுவில் விளக்கம் சொல்ல மூன்றாவது ஆள் வரவில்லை.

அந்த ஆள் 1876-ல் வருகிறார். அந்த ஆகஸ்டில் பைராய்த்தில் வாக்னர் தம் சொந்த அரங்கில் 'நீபெலுங்கனின் மோதிரம்' நான்கு நாடகங்களையும் மேடையேற்றினார். வாத்தியக் குழு கண்ணுக்குத் தெரியாத பள்ளத்துக்குப் போயிற்று. பார்வையாளர் பகுதி இருட்டாக்கப்பட்டது. இனி புத்தகத்தைப் பிரித்துவைத்துக் கேட்க முடியாது. படிக்க வேண்டியதை வருவதற்கு முன்பே படித்துவிட வேண்டும். அதே ஆண்டு ஹான்ஸ் ஃபான் வோல்ட்ஸோகன், வாக்னர் இசையின் ஊடே திரும்பத் திரும்ப வரும் சிறு இசைத் துணுக்குகளைப் பட்டியலிட்டு, ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் சூட்டி, ஒரு வழிகாட்டி நூல் வெளியிட்டார். வாள், மோதிரம், வல்ஹால்லா, சாபம் என்று பெயர்கள். இன்று நாம் அறிந்த அர்த்தத்தில் ஓபராக் கையேடு இங்கேதான் பிறக்கிறது. இருட்டும் அதுவும் ஒரே ஆண்டில் வந்தவை.

வாக்னருக்கு இதில் முழுத் திருப்தி இல்லை. 1879-ல் எழுதிய ஒரு கட்டுரையில், தம் இளைய நண்பர் ஒருவர் இந்தத் துணுக்குகளை அவற்றின் நாடக அர்த்தத்துக்காகவே கவனித்தார், இசை எவ்வாறு கட்டப்படுகிறது என்பதைப் பார்க்கவில்லை என்று மென்மையாகக் குறைப்பட்டுக்கொண்டார். அந்த மென்மையான குறைக்குள் இருந்த ஆபத்து வெளிப்பட நூறாண்டு ஆயிற்று.

'ரைன் தங்க'த்தின் இரண்டாம் காட்சியில் ஃப்ரையா என்ற தேவதை அரக்கர்களுக்குப் பயந்து ஓடி வருகிறாள். அப்போது ஒலிக்கும் தொடரின் பிற்பகுதிக்கு வோல்ட்ஸோகன் 'ஓட்டம்' என்று பெயர் வைத்தார். அவள் ஓடி வந்தாள், அதனால் ஓட்டம். பின்வந்த கையேடுகள் அதையே நகலெடுத்தன. ஆனால் ஃப்ரையா காதலின் தேவதை. அதே தொடர் 'வால்க்யூரி' முதல் அங்கத்தில், ஸீக்முண்டும் ஸீக்லிண்டும் ஒருவரையொருவர் பார்க்கும் இடத்தில், வேகம் தணிந்து செல்லோவில் வருகிறது. அங்கே யாரும் ஓடவில்லை. அது காதலின் இசை, தொடக்கத்திலிருந்தே அப்படித்தான் என்று டெரிக் குக் நிறுவினார். 1976-ல் அவர் இறந்து, முடிக்காமல் விட்ட நூல் 1979-ல் வெளிவந்தது. காது கேட்டுக்கொண்டிருந்த ஒன்றை ஒரு பெயர் அத்தனை காலம் மறைத்து வைத்திருக்கிறது. பெயர் தெரிந்தவன் அதைத் தேடினான், கிடைத்ததும் திருப்திப்பட்டான், மேற்கொண்டு கேட்கவில்லை. குக்கே பெயர்களைக் கைவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். டெக்கா நிறுவனத்துக்காக அவர் தயாரித்த இசைத்தட்டு அறிமுகமும் துணுக்குகளைப் பெயரிட்டே விளக்குகிறது. ஆனால் ஒன்றிலிருந்து மற்றொன்று எப்படிப் பிறக்கிறது என்று காதுக்கே காட்டுகிறது. குறை பெயரிடுவதில் இல்லை, பெயரோடு நின்றுவிடுவதில்தான்.

இதற்கிடையில் வேறொரு வகையும் செழித்தது. 1898-ல் பெர்னார்ட் ஷா 'மோதிர'த்தை முதலாளித்துவத்தின் உருவகமாகப் படித்தார். ஆல்பெரிக் குள்ளர்களை வேலை வாங்கும் சுரங்கம் அவருக்குத் தொழிற்சாலை. அந்தக் கணக்குக்குள் கடைசி நாடகம் அடங்காதபோது, வாக்னர் பழைய ஓபராவுக்கே திரும்பிவிட்டார் என்று தீர்ப்புச் சொன்னார். கையேடு தன் கொள்கைக்காகப் படைப்பை வெட்டியதற்கு இதைவிடச் சுவாரஸ்யமான உதாரணம் கிடையாது.

1912-ல் அமெரிக்காவில் விக்டர் இசைத்தட்டுக் கம்பெனி ஓபராக் கதைகளின் புத்தகம் ஒன்றை வெளியிட்டது. கதைச் சுருக்கத்தின் நடுவே, எந்தப் பாட்டு எந்தத் தட்டில் கிடைக்கும் என்ற எண்கள். வடிவில் அது விலைப்பட்டியல்தான். என்றாலும் ஓபரா அரங்கமே இல்லாத ஊர்களில் எத்தனையோ வீடுகளுக்கு ஓபரா இப்படித்தான் வந்து சேர்ந்தது என்பதை மறந்துவிட்டு அதை ஏளனம் செய்ய எனக்கு மனமில்லை.

குஸ்தாவ் கோப்பே நியூயார்க் விமர்சகர். 1918 ஜூலையில் லாங் ஐலண்டை ஒட்டிய விரிகுடாவில் பாய்மரப் படகில் தனியே போய்க்கொண்டிருந்தவர் மீது கடற்படை விமானம் மோதியதில் இறந்துபோனார். அவர் விட்டுச்சென்ற கைப்பிரதியைப் பிறர் நிறைவு செய்ய, அது 1919-ல் வெளிவந்தது. 1954-ல் ஹேர்வுட் பிரபு அதைத் திருத்தி விரித்தார். 1997-ல் அந்தோணி பீட்டியோடு சேர்ந்து மறுபடியும் புதுக்கினார். எழுதத் தொடங்கியவர் போய் எண்பது ஆண்டு கழிந்தும் புத்தகம் அவர் பெயரிலேயே வளர்ந்தது. பயன்படும் நூல்தான். ஆனால் கதை கதையாக அடுக்கிப் படிக்கும்போது எல்லா ஓபராவும் ஒரே ஓபராவாகிவிடுகிறது. சந்தேகம், மாறுவேடம், விஷம், மரணம். வெர்டியின் 'இல் த்ரொவாதோரே'வைக் கதையாகச் சொன்னால் சிரிப்பு வரும். அரங்கில் யாரும் சிரிப்பதில்லை. சிரிப்பை நிறுத்துவது எது என்பதைத்தான் கையேடு சொல்லியிருக்க வேண்டும்.

அதைச் சொல்ல முயன்றவர்களில் எனக்கு நெருக்கமானவர் எர்னஸ்ட் நியூமன். இயற்பெயர் வில்லியம் ராபர்ட்ஸ். 1889 முதல் பத்தாண்டுகளுக்கும் மேலாக லிவர்பூலில் ஒரு வங்கியில் குமாஸ்தா. இசையைத் தானே கற்றவர். க்ளுக் பற்றிய அவருடைய நூல் 1895-ல் வந்தபோது அவர் இன்னும் வங்கியில்தான் இருந்தார். பகலெல்லாம் லெட்ஜர் எழுதுகிற நானும் இதை ஒரு தகவலாக மட்டும் எடுத்துக்கொள்ள முடியாது. அவருடைய 'ஓபரா இரவுகள்' வெளிவந்த 1943-ல் லண்டனின் கோவென்ட் கார்டன் அரங்கம் நடனக் கூடமாகியிருந்தது. அந்த நூலிலும் கதை உண்டு. ஆனால் மூலக்கதை எது, லிப்ரெட்டோ எழுதியவர் எதை விட்டார், விட்ட இடத்தை இசை எப்படி நிரப்பியது என்ற விசாரணை கூடவே நடக்கிறது. வாசகனைக் குழந்தையாக நினைக்காத கையேடு அது.

1940-ல் எட்வர்ட் டெண்ட் பெலிகன் வரிசையில் மலிவுப் பதிப்பாக ஒரு ஓபரா அறிமுகம் எழுதினார். மோட்ஸார்ட்டை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தவர் அவர். கேட்பவன் மொழியிலேயே ஓபரா பாடப்பட வேண்டும் என்பது அவர் கட்சி. அப்படிப் பாடினால் கையேட்டின் பாதி வேலை தீர்ந்துபோகும் என்பது உண்மைதான். ஆனால் மூல மொழியின் உயிரெழுத்துகளுக்காகவே எழுதப்பட்ட இசை இழப்பதும் கொஞ்சமல்ல.

அந்தப் பாதி வேலையை வேறு விதத்தில் முடித்தது 1983. அந்த ஜனவரியில் டொரோன்டோவில் கனடிய ஓபரா நிறுவனம் ஸ்ட்ராஸின் 'எலெக்ட்ரா'வுக்கு மேடைக்கு மேலே மொழிபெயர்ப்பு வரிகளை ஒளியால் எழுதிக் காட்டியது. 1995-ல் நியூயார்க்கின் மெட்ரோபாலிடன் அதை ஒவ்வொரு நாற்காலியின் முதுகிலும் வைத்தது. வெனிஸின் மெழுகுவர்த்தி திரும்பி வந்துவிட்டது. இருட்டிலும் சொல் கைக்கெட்டுகிறது.

அப்படியானால் கையேட்டுக்கு இனி என்ன வேலை? கதை சொல்ல வேண்டாம், அர்த்தம் சொல்ல வேண்டாம். மிஞ்சுவது 1956-ல் ஜோசப் கெர்மன் தம் நூலில் எழுப்பிய கேள்வி. ஓபராவில் நாடகாசிரியன் இசையமைப்பாளன்தான் என்றால், குறிப்பிட்ட இந்த இடத்தில் இசை என்ன செய்கிறது, அது செய்வது உண்மையா, பாசாங்கா? கெர்மன் புச்சினி மீது இறக்கிய கடுமையை நான் ஏற்கவில்லை. ஆனால் மறுப்பதற்கு நான் மறுபடி 'டோஸ்கா'வைக் கேட்க வேண்டியதாயிற்று. வோல்ட்ஸோகனின் பட்டியல் அப்படிக் கேட்கச் சொல்வதில்லை.

நம்மில் பலருக்கு ஓபரா அரங்கமாக வரவில்லை, புத்தகமாகவும் இசைத்தட்டாகவுமே வந்தது. கையேட்டை நம்பித்தான் ஆகவேண்டிய நிலை. அதனால் கையேடுகளைத் தரம் பிரிப்பது நமக்கு உபரியான வேலை அல்ல. புதிதாகத் தொடங்குகிற ஒருவர் கோப்பேயில் கதையைப் பார்த்துக்கொள்ளட்டும். தட்டை ஒரு முறை எந்தப் பெயரும் தெரியாமல் கேட்கட்டும். நியூமனையோ குக்கையோ அதன் பிறகு எடுத்தால் போதும். அப்போது அவர்கள் சொல்வதைச் சரிபார்க்க அவரிடம் ஏற்கெனவே ஒன்று இருக்கும்.