ஜோடியின் சந்தை மதிப்பு: சென்னையின் மேற்குப் புறநகரிலிருந்து திரை இணைகளை வாசித்தல்

தமிழ் சினிமா வணிகத்தின் வரைபடத்தில் அம்பத்தூர் நீண்ட காலம் சென்னைக்குள் இல்லை. விநியோகஸ்தர்கள் தமிழகத்தைச் சென்னை நகரம், செங்கல்பட்டு, கோவை, மதுரை, திருச்சி, சேலம், திருநெல்வேலி என ஏரியா ஏரியாவாகப் பிரித்து வைத்திருந்தார்கள். வட ஆற்காடு, தென் ஆற்காட்டோடு சேர்த்து என்.எஸ்.சி. என்று குறிக்கப்பட்ட செங்கல்பட்டு ஏரியாவில்தான் அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி மூன்றும் வந்தன. நிர்வாக எல்லைகள் பின்னர் பலமுறை மாறின. 1997இல் திருவள்ளூர் மாவட்டம் உருவானது. 2011இல் அம்பத்தூர் சென்னை மாநகராட்சியோடு இணைந்தது. 2019இல் ஆவடி தனி மாநகராட்சியானது. விநியோகக் கணக்கோ பழைய எல்லையை எளிதில் விடவில்லை. கோடம்பாக்கத்து ஸ்டூடியோக்களுக்கு இத்தனை அருகில் இருந்தும், வணிகக் கணக்கில் இப்பகுதி வெளியூர்.

இந்த இடத்திலிருந்து பார்த்தால், திரையில் அடிக்கடி சேர்ந்து தோன்றும் நடிகர்களைப் பற்றி நாம் வழக்கமாகச் சொல்லும் விளக்கம் போதாமல் போகிறது. 'கெமிஸ்ட்ரி', 'ராசி', 'பொருத்தம்' என்று பேசும்போது இரு கலைஞர்களுக்கிடையே ஏதோ இயல்பாக நிகழ்ந்துவிட்டதாகக் கொள்கிறோம். ஜோடியை உருவாக்கியதில் பெரும்பங்கு படத்தைப் பார்க்காமலேயே பணம் போட வேண்டியிருந்த விநியோகஸ்தருக்கும் தியேட்டர் உரிமையாளருக்கும் உரியது என்பது என் வாதம். ஒரு ஜோடி எத்தனை ஆண்டு நிலைக்கும் என்பதை முடிவுசெய்தது, இருவரில் ஒருவர் தனியாக அரங்கை நிரப்ப முடியுமா என்ற கேள்வி.

தமிழ்த் திரை ஆய்வில் ஜோடிக்கு உரிய இடம் கிடைக்கவில்லை. எம்.எஸ்.எஸ். பாண்டியன் 1992இல் எழுதிய எம்.ஜி.ஆர். பற்றிய நூல் ஒற்றைப் பிம்பத்தின் அரசியலை ஆராய்ந்தது. சாரா டிக்கி மதுரையின் ஏழை ரசிகர்களிடையே செய்த களஆய்வு ரசிகர் மன்றங்களை நோக்கிச் சென்றது. தியடோர் பாஸ்கரன் தமிழ் சினிமாவின் சமூக வரலாற்றை எழுதினார். இவர்களிடம் கற்றுக்கொண்டதை மறுப்பதற்கில்லை. ஆனால் அடுத்து வந்த நாமும் தனி நாயகனையே பின்தொடர்ந்தோம். நாயகன் பக்கத்தில் நின்றவரைக் கவனிக்கவில்லை.

விநியோகத்தில் 'எம்.ஜி.' என்றால் மினிமம் கேரண்டி. படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் தயாரிப்பாளருக்குத் தர ஒப்புக்கொண்ட தொகை. படம் முடியும் முன்பே, சில சமயம் பூஜை போட்டவுடனேயே இந்தப் பேச்சு தொடங்கிவிடும். கதை தெரியாது, பாட்டு வந்திருக்காது. கையில் இருப்பது பெயர்கள் மட்டுமே. ஒற்றைப் பெயர் ஓரளவு தகவல் தரும். இரண்டு பெயர்கள் சேர்ந்தால் கதையின் வகை, பாட்டின் எண்ணிக்கை, குடும்பம் குடும்பமாகக் கூட்டம் வருமா என்பது வரை தெரிந்துவிடும். பிரிண்டுகள் குறைவாக இருந்த காலத்தில் அண்ணா சாலையில் ஓடிய படத்தின் பெட்டி புறநகர்க் கொட்டகைக்கு வாரங்கள் கழித்தே வரும். அதற்குள் படம் பழசாகிவிடும் என்பதால், பழசானாலும் விலைபோகும் பெயர்கள் இந்த ஏரியாவுக்கு நகரத்தைவிட அதிகம் தேவைப்பட்டன.

ஜோடி என்றால் காதலர் என்று மட்டும் பொருள் கொள்ள வேண்டியதில்லை. 'பாசமலர்' (1961) படத்தில் சிவாஜியும் சாவித்திரியும் அண்ணன் தங்கை. நிஜ வாழ்வில் சாவித்திரியை மணந்த ஜெமினி கணேசன் அதில் அவருக்குக் கணவராக வருகிறார். ஆனால் நினைவில் நிற்கும் ஜோடி அண்ணனும் தங்கையும்தான்.

காதல் ஜோடிகளுக்கு எம்.ஜி.ஆர். படங்களே தெளிவான சான்று. 'நாடோடி மன்னன்' (1958) படத்தின் முற்பகுதியில் நாயகி பானுமதி. அவருடைய பாத்திரம் இறந்துபோக, பிற்பகுதியில் இளவரசியாக சரோஜாதேவி வருகிறார். ஒரே படத்துக்குள் ஒரு நாயகி விலகி இன்னொருவர் வந்தும் நாயகனின் பயணம் தடைபடவில்லை. அதன்பின் 1967இல் வந்த 'அரச கட்டளை' வரை எம்.ஜி.ஆர்.–சரோஜாதேவி இணை 26 படங்கள். 1965இல் 'ஆயிரத்தில் ஒருவன்' படத்தில் தொடங்கி 1973இல் 'பட்டிக்காட்டு பொன்னையா'வில் முடிந்த எம்.ஜி.ஆர்.–ஜெயலலிதா இணை 28 படங்கள். அடுத்து மஞ்சுளா, லதா. எம்.ஜி.ஆர். பிறந்தது 1917, சரோஜாதேவி 1938, ஜெயலலிதா 1948. ஆண் அதே இடத்தில் நிற்க, பெண்ணின் பிறந்த ஆண்டு மட்டும் நகர்ந்துகொண்டே போகிறது. ஜோடியின் மதிப்பை இருவரும் சேர்ந்து உயர்த்தினார்கள். அதன் மிச்சம் ஒருவர் கணக்கில் மட்டுமே தங்கியது. இதை நான் அநீதி என்றே சொல்வேன். நாயகிகளின் பங்கைக் கணக்கில் எடுக்காத நட்சத்திர வரலாறு பாதி வரலாறுதான்.

தனித்தனியே அரங்கை நிரப்பக்கூடிய இருவர் சேர்ந்திருந்தால் என்ன ஆகும்? 'அபூர்வ ராகங்கள்' (1975) தொடங்கி 'மூன்று முடிச்சு', 'அவர்கள்', '16 வயதினிலே', 'அவள் அப்படித்தான்', 'நினைத்தாலே இனிக்கும்' எனச் சில ஆண்டுகளுக்குள் கமலும் ரஜினியும் தொடர்ந்து சேர்ந்து நடித்தார்கள். பிறகு தனித்தனியாகப் போவதென்று பேசி முடிவெடுத்ததை இருவருமே பின்னாளில் மேடைகளில் சொல்லியிருக்கிறார்கள். சேர்ந்திருந்தால் ஒரு படத்தின் சம்பளம் இரண்டாகப் பிரியும். பிரிந்தால் இரண்டு படம், இரண்டு சம்பளம். ஹாலிவுட்டில் லாரல்–ஹார்டி இணையின் கதை இதற்கு நேர் எதிரானது. தயாரிப்பாளர் ஹால் ரோச் இருவரோடும் தனித்தனி ஒப்பந்தம் போட்டு, இரண்டும் வெவ்வேறு காலத்தில் முடியும்படி வைத்திருந்தார். அதனால் இருவரும் சேர்ந்து பேரம் பேச வழியில்லாமல் போனது.

இனி, இந்தக் கணக்குக்கு அடங்காத ஒரு வகைக்கு வருகிறேன்: நகைச்சுவை இணைகள். 1936இல் 'வசந்தசேனா'வில் தொடங்கிய என்.எஸ். கிருஷ்ணன்–டி.ஏ. மதுரம் இணையே தமிழில் இதற்கு அடித்தளம் போட்டது. படத்தின் மையக் கதையைச் சாராமல், தங்கள் குழுவோடு தனியாக எழுதித் தனியாகப் படமாக்கிய நகைச்சுவைப் பகுதியைப் படத்துக்குள் சேர்க்கும் முறை அவர்கள் காலத்தில் வேரூன்றியது. அரை நூற்றாண்டுக்குப் பின் கவுண்டமணி–செந்தில் காலத்திலும் 'காமெடி டிராக்' என்ற பெயரில் அந்த முறைதான் தொடர்ந்தது. இவர்களுக்கு எழுதியவர்களில் முக்கியமானவர் ஏ. வீரப்பன். ஜோடி என்று நாம் கொண்டாடுவதில் மூன்றாவதாக ஒரு எழுத்தாளர் ஒளிந்திருக்கிறார் என்பதை இங்கே பதிவுசெய்ய வேண்டும்.

'வைதேகி காத்திருந்தாள்' (1984) படத்தில் கவுண்டமணி சைக்கிள் கடை வைத்திருக்கிறார். பெட்ரோமாக்ஸ் விளக்கும் வாடகைக்கு உண்டு. செந்தில் வந்து, இந்த மேண்டிலில் இருந்து எப்படி வெளிச்சம் வருகிறது என்று கேட்கிறார். கேள்வியில் சூது இல்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ள ஆசை. விளக்கிக்கொண்டிருக்கும்போதே மேண்டிலைப் பிசைந்து பொடியாக்கிவிடுகிறார். தொழில் தெரிந்தவரின் பெருமை அந்தப் பொடியோடு உதிர்கிறது. 'கரகாட்டக்காரன்' (1989) படத்தின் வாழைப்பழக் காட்சியிலும் இதே அமைப்பு. இரண்டு பழம் வாங்கச் சொல்லிக் காசு கொடுத்தவர் ஒரு பழத்தைப் பார்த்து இன்னொன்று எங்கே என்று கேட்கிறார். கிடைக்கும் பதிலில் தர்க்கப் பிழை எதுவுமில்லை என்பதுதான் அவரைப் பைத்தியமாக்குகிறது. அடி விழுகிறது, கேள்வி அப்படியே நிற்கிறது.

இக்காட்சிகளை அம்பத்தூரில் வைத்துப் பார்க்க வேண்டும். 1949இல் டி.ஐ. சைக்கிள்ஸ் இங்கே தொடங்கியது. 1960களில் ஆவடியில் டாங்கித் தொழிற்சாலையும் அம்பத்தூரில் தொழிற்பேட்டையும் வந்தன. பெரிய ஆலைகளைச் சுற்றி லேத் பட்டறை, பிரஸ் ஷாப், பெயின்டிங் கடை என நூற்றுக்கணக்கான சிறு பட்டறைகள் முளைத்தன. பட்டறை என்றால் ஒரு மேஸ்திரி, ஒரு ஹெல்பர். மேஸ்திரிக்கு வேலை தெரியும், ஆனால் முதலாளி அல்ல. ஹெல்பருக்கு வேலை தெரியாது, ஆனால் அவன் கேட்கும் கேள்விக்கு மேஸ்திரியிடம் பதில் இருக்காது. கவுண்டமணி–செந்தில் உறவின் அமைப்பு இதுதான் என்பது என் வாசிப்பு. இருவருக்கும் மேலே ஓர் அதிகாரம் கண்ணுக்குத் தெரியாமல் இருக்கிறது. கீழே இருக்கும் இருவரும் ஒருவரையொருவர் திட்டிக்கொண்டு பொழுதைக் கழிக்கிறார்கள். 'மன்னன்' (1992) படம் இதை வெளிப்படையாகவே ஆலைக்குள் கொண்டுவந்தது. அதில் ரஜினியும் கவுண்டமணியும் தொழிலாளிகள்; வேலைக்குப் பொய் சொல்லிவிட்டு முதல் நாள் படம் பார்க்க வரிசையில் நிற்கிறார்கள். பரிசு கொடுக்க அந்தத் தியேட்டருக்கு வருவது அவர்களுடைய முதலாளியம்மா. இரண்டாம் ஷிப்ட் முடித்து இரண்டாம் ஆட்டத்துக்குப் போகும் ஊருக்கு இந்தக் காட்சியை விளக்க வேண்டியதில்லை.

இந்த இணையைப் புகழும்போது ஒன்றை மறைக்கக் கூடாது. செந்திலின் நிறத்தையும் உடலையும் வைத்துச் சொல்லப்பட்ட வசைகள் ஏராளம். உதை அதைவிட ஏராளம். பட்டறையில் ஹெல்பர் பையன்கள் வாங்கும் அடியைத் திரையில் பார்த்துச் சிரிக்கப் பழகினோம். சிரிப்பின் கூர்மை செந்திலின் பதில்களில் இருந்தது, உதையில் இல்லை. உதையை நீக்கினாலும் வாழைப்பழக் காட்சி முழுமையாக நிற்கும்.

இணை நீடித்ததற்குத் தொழில்நுட்பக் காரணமும் உண்டு. தனியாக எழுதித் தனியாக எடுத்த பகுதி என்பதால், படத்திலிருந்து அதை வெட்டி எடுப்பதும் எளிது. ஒலிநாடாக்களிலும், பின்னர் தொலைக்காட்சியின் நகைச்சுவை நிகழ்ச்சிகளிலும் அந்தப் பகுதிகள் தனி வாழ்வு பெற்றன. படத்தின் நாயகன் யார் என்று தெரியாத பிள்ளைகளுக்கும் மேண்டில் தெரியும். காதல் ஜோடிக்கு இந்த வசதி கிடையாது. பாட்டைத் தவிர அவர்களைக் கதையிலிருந்து பிரித்தெடுக்க முடியாது.

இன்று நிலைமை தலைகீழ். பூந்தமல்லியைத் தாண்டிச் செம்பரம்பாக்கத்தில் ஈ.வி.பி. பிலிம் சிட்டி இருக்கிறது. படங்கள் இப்போது இந்தப் பக்கத்திலேயே தயாராகின்றன. டிஜிட்டல் முறையில் அண்ணா சாலைக்கும் அம்பத்தூர் ராக்கிக்கும் ஒரே நாளில் படம் வருகிறது. காத்திருப்பும் பெட்டியும் இல்லாதபோது, பழசானாலும் விலைபோகும் ஜோடிக்குத் தேவை குறைந்துவிட்டது. 'கில்லி' (2004) முதல் 'குருவி' (2008) வரை நான்கு படங்களில் சேர்ந்து நடித்த விஜய்யும் திரிஷாவும் 'லியோ' (2023) வரை பதினைந்து ஆண்டுகள் சேரவில்லை. 2024 ஏப்ரலில் 'கில்லி' மறுபடியும் திரைக்கு வந்தபோது திரண்ட கூட்டம், பழைய ஜோடிகளின் மீதான ஏக்கம் பார்வையாளரிடம் இன்னும் தீரவில்லை என்பதையே காட்டியது. சந்தைக்கு வேண்டாததைப் பார்வையாளர் வேண்டுகிறார்.

இந்த வாதத்தை முழுதாக நிறுவுவதற்கான ஆவணங்கள் புறநகரில்தான் இருக்க வேண்டும்: அன்றாட வசூலைக் குறித்த டி.சி.ஆர். தாள்கள், மினிமம் கேரண்டி ஒப்பந்தங்கள், யார் பெயர் முதலில், யார் பெயர் பெரிதாக என்று காட்டும் சுவரொட்டிகள், பாட்டுப் புத்தகங்கள். கொட்டகைகள் கல்யாண மண்டபங்களாகவும் அடுக்குமாடிகளாகவும் மாறும்போது முதலில் எடைக்குப் போவது இந்தக் காகிதங்கள். அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி வட்டாரத்தில் தியேட்டர் நடத்திய குடும்பங்களும் விநியோக அலுவலகங்களில் கணக்கெழுதியவர்களும் தங்களிடம் எஞ்சியிருப்பதைத் தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்ற இடங்களுக்குத் தர வேண்டும். கொடுக்க மனமில்லையென்றால், படியெடுக்கவாவது அனுமதிக்க வேண்டும்.