திருகோணமலையில் ஆர்தர் வெல்லெஸ்லி: ஒரு சேனாபதியின் அரசியல் வாழ்வுக்கு முகவுரை

திருகோணமலையிலே கோணேசர் கோயிலுக்குச் செல்லும் அன்பர்கள், பிரடெரிக் கோட்டையின் வாயிலைக் கடந்து, மரநிழலில் மான்கள் மேயும் பாதை வழியே ஏறிப் போகையில், வெலிங்டன் பிரபுவின் பெயரோடு சேர்த்துச் சொல்லப்படும் பழைய கட்டிடம் ஒன்றைக் காண்பர். 1815 இல் வாட்டர்லூவில் நெப்போலியனை வென்ற அச்சேனாபதி, வெறும் கர்னல் ஆர்தர் வெல்லெஸ்லியாக இருந்த காலத்தில் இங்கே தங்கினார் என்பதும், நோயுற்றுக் கிடந்தமையால் தாம் ஏறவேண்டிய கப்பலைத் தவறவிட்டார் என்பதும், அக்கப்பல் அமிழ்ந்து அதிலிருந்தோர் யாவரும் மாண்டனர் என்பதும் நகரத்தில் வழங்கும் கதை. இக்கதையின் ஒரு பாதி மெய். மறு பாதி வேறோர் ஊரில் நிகழ்ந்தது. ஆயினும் அவர் இத்துறைமுகத்தில் கழித்த ஏறக்குறைய ஏழு வாரங்களை ஆராய்ந்து நோக்கின், பிற்காலத்தில் பிரித்தானியப் பாராளுமன்றத்தில் நெடுங்காலம் வீற்றிருந்த ஒரு ராஜதந்திரியின் சுபாவம் எவ்வாறு உருப்பெற்றது என்பதற்கு, கட்டுக்கதையைக் காட்டிலும் சுவையான சான்றுகள் கிடைக்கின்றன.

அவர் இங்கு வந்த காரணம் இத்துறைமுகத்தின் இயற்கையமைப்பிலேயே அடங்கியிருக்கிறது. சோழமண்டலக் கரை நெடுகிலும் கப்பல்களுக்குப் புகலிடம் அரிது. வாடைக்காற்று எழுந்துவிட்டால் சென்னப்பட்டணத்தின் திறந்த கடலில் நங்கூரமிட்டு நிற்பது ஆபத்து. திருகோணமலையோ மலைகள் சூழ்ந்து, எக்காலத்தும் கப்பற்படையைத் தாங்கவல்ல ஆழம் உடையது. ஆகையினாலேயே 1782 ஆம் ஆண்டில் இது ஒல்லாந்தரிடமிருந்து ஆங்கிலேயர் கைக்கும், அவ்வாண்டிலேயே அவர்களிடமிருந்து பிரெஞ்சுக் கடற்படைத் தலைவர் சுஃப்ரென் கைக்கும் மாறிற்று. பின்னர் ஒல்லாந்தரிடம் மீண்ட கோட்டையை 1795 ஓகஸ்டில் ஆங்கிலேயர் மறுபடியும் கைப்பற்றினர். ஒரு வருஷத்துக்குள் இரு முறை கைமாறிய ஊரின் குடிகளுக்குக் கொடி எதுவாயினும் ஒன்றுதான் என்று தோன்றியிருப்பின் அதில் வியப்பில்லை.

1799 இல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்தபின் மைசூர்ப் பிரதேசத்தில் நிர்வாகம் நடத்தியும், 1800 செப்டெம்பரில் தூண்டியா வாக் என்னும் கலகத் தலைவனை வெற்றிகொண்டும் பெயர் பெற்றிருந்த ஆர்தரை, அவருடைய தமையனாரும் இந்தியாவின் மகாதேசாதிபதியுமாகிய ரிச்சர்ட் வெல்லெஸ்லி, திருகோணமலையில் திரளும் சேனைக்குத் தலைமை தாங்குமாறு ஏவினார். அவர் டிசெம்பர் இறுதியில் வந்து சேர்ந்தார். சேனை எங்கே போவது என்பது மாத்திரம் நிச்சயமாகவில்லை. மொரீஷியஸ் தீவைத் தாக்குவது ஒரு யோசனை. பத்தாவியாவைப் பிடிப்பது மற்றொன்று. எகிப்திலுள்ள பிரெஞ்சுப் படையை எதிர்க்கச் செங்கடலுக்குச் செல்வது மூன்றாவது. மொரீஷியஸ் முயற்சிக்குக் கடற்படைத் தலைவர் ரெய்னியர் இணங்கவில்லை. போகுமிடம் அறியாத படைக்கு எத்தனை மாத உணவைச் சேகரிப்பது, எந்தக் காற்றை நம்பிப் பாய் விரிப்பது என்னும் கேள்விகளோடு, மழைக்காலத்துத் திருகோணமலையில் அவர் காத்திருந்தார். போர்க்களத்தில் வாள் சுழற்றுவதைவிட அரிசி மூட்டையையும் குடிநீர்ப் பீப்பாவையும் கணக்கிடுவதே சேனாபதியின் முதற்கடமை என்று கொண்டவர் அவர். அவ்வித்தையை இந்தியாவில் கற்றார், இங்கே அதற்குச் சோதனை வந்தது.

1801 பெப்ரவரி முற்பகுதியில், செங்கடலுக்குப் படை அனுப்புமாறு லண்டன் மந்திரிகள் மகாதேசாதிபதிக்கு விடுத்த கட்டளையின் பிரதி ஒன்று அவர் கைக்குக் கிடைத்தது. அக்கட்டளை தம் பெயருக்கு வந்ததன்று. தமையனாரின் ஆணையோ இன்னும் வந்தபாடில்லை. இருந்தும், காலம் தாழ்ந்தால் செங்கடலில் ஏறுவதற்கேற்ற காற்று மாறிவிடும் என்றும், உணவுப் பொருள் சேர்ப்பதற்குப் பம்பாயே தக்க இடம் என்றும் தீர்மானித்து, சொந்தப் பொறுப்பிலே படையைக் கப்பலேற்றி அம்மாத நடுவில் புறப்பட்டுவிட்டார். மேலதிகாரத்தின் ஆணை இன்றி இவ்வாறு பெயர்ந்ததைத் தமையனார் ஒப்பவில்லை. அதற்குள் ஜெனரல் டேவிட் பெயர்ட் என்பார் அவருக்கு மேலாகத் தலைமைக்கு நியமிக்கப்பட்டிருந்தார். பெயர்ட் திருகோணமலையை அடைந்தபோது படை போய்விட்டிருந்தது. ஸ்ரீரங்கப்பட்டணத்துக் கோட்டைச் சுவரில் முன்னின்று ஏறியவர் பெயர்ட். ஆனால் அந்நகரத்தின் அதிகாரம் அன்று ஆர்தருக்கே அளிக்கப்பட்டது. ஆகவே அன்று இவர் பெற்றதை இன்று அவர் பெற்றார் என்பதே நியாயமான பார்வை. ஆர்தருக்கு அப்படித் தோன்றவில்லை. தம்பி ஹென்றிக்கு அவர் எழுதிய கடிதங்களில் அவமானத்தின் கசப்பு வெளிப்படையாகவே தெரிகிறது.

மனம் கசந்தும் அவர் பணிந்தார். இரண்டாம் தலைவராகச் செல்ல இசைந்து பம்பாயில் இருந்தபோதுதான் காய்ச்சலும் அதன்பின் கொடிய தோல்நோயும் அவரைப் பற்றின. அமிலம் கலந்த நீரில் குளிக்கும் சிகிச்சை அளிக்கப்பட்டது. பெயர்ட் அவரை விட்டு முன்சென்றார். பின்தொடர்ந்து ஆர்தர் செல்வதற்கிருந்த ‘சுசன்னா’ என்னும் கப்பல் செங்கடலில் அமிழ்ந்தது. ஆக, அவரைக் காத்த நோய் பம்பாயில் வந்தது. திருகோணமலை அந்தப் புண்ணியத்தைப் பின்னர் தன் கணக்கில் எழுதிக்கொண்டது. பிரசித்தி பெற்றவர் தங்கிய வீடுகளுக்கெல்லாம் நேர்வது இதுவே.

சேனையிலிருந்து சபைக்கு வந்தவர் என்று வெலிங்டனைச் சொல்வது வழக்கமெனினும் அது முற்றும் சரியன்று. 1790 இலேயே, குடும்பச் செல்வாக்கிலிருந்த டிரிம் என்னும் தொகுதிக்கு அயர்லாந்துப் பாராளுமன்றத்தில் அவர் பிரதிநிதியானார். இந்தியாவிலிருந்து மீண்டபின் 1806 முதல் பொதுமக்கள் சபையிலும், 1814 முதல் 1852 இல் மரிக்கும்வரை பிரபுக்கள் சபையிலும் அமர்ந்தார். 1828 ஜனவரி முதல் 1830 நவம்பர் வரை பிரதம மந்திரி. இந்நெடிய காலத்தில் அவர் சொற்பொழிவால் எவரையும் மயக்கினாரல்லர். அவருடைய வன்மை வேறு. தமக்கு உவப்பில்லாத காரியமாயினும் அரசு நடந்தாக வேண்டுமெனில் அதைத் தாமே முன்னின்று முடிப்பது. கத்தோலிக்கருக்குப் பாராளுமன்ற உரிமை அளிப்பதை நெடுநாள் எதிர்த்த கட்சியின் தலைவர் அவர்; அயர்லாந்தில் உள்நாட்டுக் கலகம் மூளும் என்று கண்டதும், அரசரின் பிடிவாதத்தையும் தம் கட்சியாரின் சினத்தையும் தாங்கி 1829 இல் அச்சட்டத்தை நிறைவேற்றினார். தம்மை இகழ்ந்த வின்சில்சி பிரபுவுடன் அவ்வாண்டு மார்ச்சில் துப்பாக்கி துவந்த யுத்தமும் செய்தார். இருவர் உடலிலும் காயமில்லை. 1846 இல் தானியச் சட்டங்களை நீக்கும் மசோதாவில் நம்பிக்கையில்லாதிருந்தும் அதைப் பிரபுக்கள் சபையில் வெற்றியுடன் கடத்தினார். தாம் அரசரின் உப்பைத் தின்றவர் என்று அவரே சொல்லிக்கொண்டதுண்டு. ஆணைக்குக் காத்திராமல் பாய் விரித்த பொறுப்புணர்வும், பெயர்டின் கீழ் இரண்டாமவராக நிற்க இசைந்த அடக்கமும் ஆகிய இவ்விரண்டும் ஒருங்கே நின்றமையே, நம் கருத்தில், 1829 இன் வெலிங்டனை விளக்குகிறது. சரித்திராசிரியர் பலர் திருகோணமலையைப் பயனற்ற இடைவேளையாக இரண்டு வரியில் கடந்துவிடுவது இதனால் பொருந்தாது.

எல்லாக் காரியத்திலும் அவர் இவ்வாறு வளைந்து கொடுத்தாரென எண்ணலாகாது. வாக்குரிமையை விரிப்பதில் அவர் கல்லாய் நின்றார். 1830 நவம்பரில், உள்ள பிரதிநிதித்துவ முறையே குறையற்றது என்று சபையில் அவர் கூறியது சில நாட்களுக்குள் அவர் மந்திரிசபையை வீழ்த்திற்று. லண்டன் ஜனங்கள் அவர் மாளிகையின் கண்ணாடிச் சாளரங்களை உடைத்தனர். 1832 இல் புதிய மந்திரிசபைக்கு ஆதரவாகப் புதுப் பிரபுக்களை அரசர் நியமித்துவிடுவார் என்ற நிலை வந்த பின்னரே, தம்மைச் சார்ந்தாருடன் வாக்களிப்பிலிருந்து விலகிச் சீர்திருத்தச் சட்டத்துக்கு வழிவிட்டார்.

அவர் பெயரால் ஒரு கட்டிடத்தைச் சுட்டும் இவ்வூருக்கு அவரால் விளைந்தது எதுவும் இல்லை. அவர் இதைக் கப்பல் நிறுத்தும் இடமாகவே கண்டார். இலங்கைச் சட்டநிரூபண சபை 1833 இல், அவர் பிரபுக்கள் சபையில் இருந்த நாளிலேயே, நிறுவப்பட்டது. அதில் தமிழருக்கு நியமனத்தால் ஒரே ஓர் ஆசனம் ஒதுக்கப்பட்டது. அவர் அஞ்சிய அளவுக்கும் மிக அப்பாற்பட்டதாகிய சர்வஜன வாக்குரிமை, 21 வயது நிரம்பிய ஆண் பெண் இருபாலாருக்கும், 1931 இல் இலங்கைக்கு வந்தது. கோட்டைக்கு வெளியே வாழ்ந்த மீனவரும் வணிகரும் விவசாயிகளும் அதன் வழியே வாக்காளராயினர்; 1947 பாராளுமன்றத் தேர்தலில் திருகோணமலைத் தொகுதியினர் எஸ். சிவபாலனைத் தம் பிரதிநிதியாகத் தெரிந்தெடுத்தபோது, துறைமுகத்தில் இன்னும் பிரித்தானியக் கடற்படையே நின்றது. 1957 ஒக்டோபரில்தான் அது தளத்தை இலங்கையிடம் ஒப்படைத்தது.