காம்பரா நினைவுச் சின்னமான கதை

கண்டியில் வெள்ளைக்காரர் செத்த கதை கல்லில் இருக்கிறது. தலதா மாளிகைக்கு அந்தப்பக்கம், தேசிய அருங்காட்சியகத்தை ஒட்டி மேடேறினால் காரிசன் கல்லறைத் தோட்டம். 1817இல் தொடங்கியது. 1815 கண்டி ஒப்பந்தத்தை எழுதிய ஜோன் டொய்லி 1824இல் காய்ச்சலில் போய் இங்கேதான் கிடக்கிறார். ரொபர்ட்சன் என்றொருவர், 1856இல் யானை மிதித்துச் செத்தவர். யார், எந்த வயதில், எதனால் என்று ஒவ்வொன்றாகப் படித்துக்கொண்டே நடக்கலாம்.

டொய்லி செத்த அதே 1824இல்தான் கம்பளைக்குப் பக்கத்தில் சிங்கபிட்டியவில் ஜோர்ஜ் பேர்ட் கோப்பித் தோட்டம் போட்டார். அதன் பிறகு பல வருஷம் தமிழ்நாட்டிலிருந்து ஆள் வந்துகொண்டேயிருந்தது. மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளை வரைக்கும் நடை. வாந்திபேதி, அம்மை, பட்டினி. விழுந்தவரை விழுந்த இடத்திலேயே விட்டுவிட்டுக் கூட்டம் நகர்ந்தது. அவர்களுக்கு எந்தக் கல்லும் இல்லை.

கல் கிடைத்தவரும் கல் கிடைக்காதவரும் ஒரே நாளில் சந்தித்துக்கொண்ட இடம் ஒன்று உண்டு. லூல்கந்துரத் தோட்டத்தில் 1867இல் தேயிலை போட்ட ஜேம்ஸ் டெய்லர் 1892 மே 2ஆம் தேதி இறந்தார். தோட்டத்து ஜனம் அவரைச் 'சாமி துரை' என்றுதான் கூப்பிட்டது. ஆள் நல்ல கனம். இருபத்துநான்கு பேர், இரண்டு அணியாக மாற்றி மாற்றித் தோள் கொடுத்து, மலையிறக்கிக் கண்டி மகியாவ மயானம் வரை பெட்டியைச் சுமந்தார்கள். டெய்லரின் கல்லில் அவர் பேர், தோட்டத்தின் பேர், தேயிலைக்கும் சிங்கோனாவுக்கும் அவர் முன்னோடி என்ற பாராட்டு எல்லாம் இருக்கிறது. சுமந்தவர்களில் ஒருவர் பேர்கூட அதில் இல்லை.

தோட்டத்தில் சாவு விழுந்தால் தப்பு அடிப்பார்கள், பெண்கள் ஒப்பாரி வைப்பார்கள். குழி மூடியபின் அந்த மேட்டிலும் தேயிலை வளரும். கருமாதியன்று கல் நட்டு, சோறு படைத்து, கடைசியில் அந்தக் கல்லையும் தண்ணீரில் விட்டுவிடுவது நம்மவர் வழக்கம். செத்தவரை அனுப்பிவைக்க அது போதும். அவர் பட்டதை அடுத்த தலைமுறைக்குச் சொல்ல அது போதாது. ஒப்பாரியில் சொன்ன கதை அன்று சாயங்காலத்தோடு கரைந்துபோகும்.

பிறகு ஒரு சட்டம் வந்து கதைக்குக் கடதாசி கேட்டது. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம், அப்பன் இங்கே பிறந்தானா, பாட்டன் இங்கே பிறந்தானா, நிரூபி என்றது. பிறப்பையே பதியாத லயத்தில், தொழிலாளர் குடியிருக்கும் அந்த வரிசை வீடுகளில், இதற்கு எங்கே போவது? அன்றிலிருந்துதான் லயத்து வீடுகளில் தகரப் பெட்டிக்கு மதிப்பு ஏறியது என்று எனக்குத் தோன்றும். துண்டுச்சீட்டு, பற்றுச்சீட்டு, யாரோ துரை கையெழுத்துப் போட்ட ஏதோ ஒரு தாள், எதையும் எறியத் துணியமாட்டார்கள். 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பங்கு பிரித்தார்கள். மிச்சம் 1,50,000 பேரைப் பத்து வருஷம் கழித்து இரு நாடுகளும் பாதிக்குப் பாதி பிரித்துக்கொண்டன. போனவர்கள் தலைமன்னாருக்கு ஏறிய ரயிலுக்கு ஜனமே பேர் வைத்தது: ஒப்பாரி கோச்சி. செத்தவருக்கு வைக்கும் ஒப்பாரியை உயிரோடு போகிறவருக்கு வைத்தார்கள். போனவர்களின் பெட்டியோடு கதையும் போயிற்று. இருந்தவர்களிடம் பாதிக்கதை தங்கியது.

இந்தப் பாதிக்கதைகளுக்கு ஒரு இடம் 2007இல்தான் கிடைத்தது. கண்டியைத் தளமாகக் கொண்ட சமூக அபிவிருத்தி நிறுவகம், கம்பளைப் பக்கம் பாரதெக்கவில் உள்ள ஓல்ட் பீகொக் தோட்டத்தில் தேயிலைத் தோட்டத் தொழிலாளர் அருங்காட்சியகத்தைத் திறந்தது. புதுக் கட்டடம் எழுப்பவில்லை. கைவிட்ட பங்களா எதையும் தேடிப் பிடிக்கவுமில்லை. பழைய லயம் ஒன்றையே எடுத்துக்கொண்டார்கள். அதில்தான் இந்தக் காரியத்தின் புத்தி இருக்கிறது. எண்ணெய் விளக்கு, சமையல் சாமான், தோட்ட வேலைக் கருவிகள், பழைய ஆவணங்கள் எல்லாம் காம்பரா என்கிற லயத்து அறைக்குள் இருக்கின்றன. வருகிறவர் முதலில் பார்ப்பது சாமானை அல்ல, காம்பராவின் அளவைத்தான். ஒரு குடும்பம் சமைத்து, உண்டு, பிள்ளை பெற்று, பிணத்தையும் கிடத்திய இடம் இவ்வளவுதானா என்று கண் ஒரு சுற்றில் கணக்குப் போட்டுவிடும். இதை எந்தப் பலகையிலும் எழுதிக் காட்டத் தேவையில்லை.

கண்டி நகருக்கு மேலே ஹந்தானையில் இன்னொரு அருங்காட்சியகம் இருக்கிறது. 1925இல் கட்டிய நாலு மாடித் தேயிலை ஃபெக்டரியைச் செப்பனிட்டு 2001இல் திறந்தது. உருளை, எஞ்சின், டெய்லர் புழங்கிய பொருட்கள், மேல்தளத்தில் தேநீர். நல்ல இடம், குறை சொல்லமாட்டேன். ஆனால் சுற்றுலா பஸ் அங்கே நிற்கிற மாதிரி பாரதெக்கவில் நிற்பதில்லை. இயந்திரத்தைப் பார்த்துவிட்டுத் தேநீர் குடிப்பது சுலபம். காம்பராவைப் பார்த்துவிட்டுக் குடிப்பது அவ்வளவு சுலபமில்லை.

அடக்கம் பண்ணிய பொருள் என்று பாரதெக்க லயத்தைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அங்கே காட்சிக்கு வைத்தது போன்ற காம்பராக்களில் மலையகம் முழுக்க இன்னும் குடித்தனம் நடக்கிறது. 2023இல், தோட்டத்துக்கு ஆள் வந்து ஏறத்தாழ இருநூறு வருஷம் என்று ஜூலை 28ஆம் தேதி தலைமன்னாரில் நடையாகப் புறப்பட்ட மலையகத்தார் ஆகஸ்ட் 12இல் மாத்தளைக்கு வந்து சேர்ந்தார்கள், முன்னோர் வந்த திசையிலேயே. அவர்கள் கேட்டது அஞ்சலி மட்டுமல்ல, காணியும்தான்.

எனக்கு இன்னொன்று வேண்டும். தோட்டம்தோறும் செக்ரோல் எழுதினார்கள். யார் வேலைக்கு வந்தார், யாருக்குப் பேர் போட்டது என்று நாள்தவறாமல். சம்பளத்துக்காக எழுதியதுதான். எந்தத் தோட்டத்து அலமாரியில் கரையான் தின்னாமல் அது மிச்சம் இருக்கிறதோ, அதை எடுத்து, அந்தப் பேர்களைத் தோட்டவாரியாகப் பாரதெக்க லயத்துச் சுவரில் எழுதவேண்டும். வாசிக்கிறவர் தன் பாட்டன் பேரைத் தேடட்டும்.