அவையில் இடம் உண்டு, கழிப்பறையில் இல்லை

அமெரிக்கப் பிரதிநிதிகள் சபைக்குள் முதல் பெண் உறுப்பினராக ஜெனெட் ராங்கின் நுழைந்தது 1917இல். பெண் உறுப்பினர்களுக்கென்று அவையை ஒட்டி ஒரு கழிப்பறை வந்தது 2011இல். இடையில் 94 ஆண்டுகள்!

ஆண்களுக்கு அவைக்குப் பக்கத்திலேயே இருந்தது. பெண்களோ சுற்றுலாப் பயணிகள் நிறைந்த சிலை மண்டபத்தைக் கடந்து போய்த் திரும்ப வேண்டும். வாக்கெடுப்புக்கு வழக்கமாகக் கொடுக்கும் நேரம் 15 நிமிடம். "கழிப்பறைதானே, இதுக்கெல்லாம் போராட்டமா?" என்று கேட்பவர்களிடம் நாம் இந்தக் கணக்கைத்தான் சொல்ல வேண்டும். அவர் வந்து சேரத் தாமதமானால், போவது ஒரு தொகுதியின் வாக்கு.

அந்தக் கட்டடம் பெண்களை மட்டும் தள்ளி வைக்கவில்லை. 1934இல் கறுப்பின உறுப்பினர் ஆஸ்கர் டி பிரீஸ்டின் உதவியாளருக்குச் சபையின் உணவகத்தில் சாப்பாடு மறுக்கப்பட்டது. தலித் ஊராட்சித் தலைவர்களைத் தரையில் உட்கார வைக்கும் ஊர்களிலிருந்து வரும் நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

1967இல் பேட்சி மிங்க் இன்னும் இரண்டு பெண் உறுப்பினர்களோடு ஆண்கள் மட்டும் புழங்கிய உறுப்பினர் உடற்பயிற்சிக் கூடத்துக்கே நேராகப் போனார். உள்ளே விடவில்லை. மிங்க், அந்தச் சபைக்குத் தேர்வான வெள்ளையரல்லாத முதல் பெண். நம் பாடநூல்களில் அவர் பெயரைக் காணோம்.

செனட்டில் 1992 தேர்தலில் பெண்கள் கூடுதலாக ஜெயித்து வந்த பிறகுதான் அவையருகே கழிப்பறை கட்டினார்கள். அதிலும் இரண்டே அறைகள். 2013இல் பெண் செனட்டர்கள் 20 பேர் ஆனபோது வாசலில் வரிசை நின்றது. அதன் பிறகு இன்னும் இரண்டு அறைகள் சேர்த்தார்கள்.