ரஹ்மானும் டைனமோ வானொலியும்

ஏ.ஆர். ரஹ்மானின் இசையைக் 'கணினி இசை' என்று ஒதுக்கிவிடும் வழக்கம் நமது இலக்கியக் கூட்டங்களிலும் உண்டு. அவர் தொழில் செய்யும் முறையை அறிந்தவர்கள் அப்படிச் சொல்லத் தயங்குவார்கள்.

மலையாளத் திரையிசையில் உழைத்த ஆர்.கே. சேகர் 1976இல் காலமானபோது மகன் திலீப்குமாருக்கு வயது ஒன்பது. தந்தையின் வாத்தியங்களை வாடகைக்கு விட்டுத் தாயார் குடும்பத்தை நடத்தினார். மகன் இளையராஜா உட்படப் பலரிடம் கீபோட் வாசிக்கப் போனார். பின்னர் இஸ்லாத்தைத் தழுவி ரஹ்மான் ஆனார். 'ரோஜா'வுக்கு முன்னரே 'தீன் இசை மாலை' என்ற இஸ்லாமியப் பாடல் தொகுப்புக்கு அவர் இசையமைத்ததை நம்மவர்களே அதிகம் பேசுவதில்லை.

அதுவரை திரைப்பாடல் என்றால் வாத்தியக் குழு முழுவதும் ஒன்றாக அமர்ந்து வாசிக்கும். ரஹ்மான் கோடம்பாக்கத்தில் தம் வீட்டோடு சேர்ந்த ஒலிப்பதிவுக் கூடத்தில், பெரும்பாலும் இரவில், ஒவ்வொருவராக அழைத்தார். தாளமும் மெட்டின் கோடும் முதலில் பதிவாகும். பிறகு பாடகர் தனியே வந்து பல விதமாகப் பாடுவார். குழல் வாசிப்பவர் மனம்போனபடி வாசிப்பார். அவற்றிலிருந்து தெரிந்தெடுத்துப் பாடலைக் கட்டுவார். முடிந்த வடிவம் எப்படியிருக்கும் என்பது பாடியவருக்கே கசற் வந்த பிறகுதான் தெரியும். கணினி இங்கே தையற்காரனின் ஊசி மாத்திரமே. துணி மனிதருடையது.

1990க்குப் பின் யாழ்ப்பாணத்தில் மின்சாரம் இல்லை. பற்றறிக்குத் தடை. தீவகத்திலிருந்து இடம்பெயர்ந்து குடாநாட்டிலிருந்த நாங்கள் சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, பெடலைக் கையால் சுற்றி, டைனமோவில் திருச்சி வானொலி கேட்டோம். சுற்றுகிறவன் களைத்தால் பாட்டும் தளரும். 1992இல் வந்த 'ரோஜா' அப்படித்தான் எனக்கு அறிமுகமானது. அடுக்கடுக்காகச் சேர்த்த நுண்ணொலிகள் அந்தச் சிறு ஒலிபெருக்கியில் காணாமற்போயின. மெட்டு மட்டும் நின்றது. அதை எங்கள் ஒழுங்கையே பாடியது.

அடுத்த ஆண்டு 'திருடா திருடா'வில், மறைந்த சாகுல் ஹமீதின் குரலையும் கூட்டுக் குரல்களையும் கொண்டே, அநேகமாக வாத்தியமின்றி, ஒரு பாடலை அமைத்தார். அந்தப் பாடலைக் கேட்டவர் கணினியைப் பற்றிப் பேச என்ன இருக்கிறது?

எங்கள் போரைக் கதையாக்கிய 'கன்னத்தில் முத்தமிட்டால்' 2002 பெப்ரவரியில் வெளியானது. அதே மாதம் 22இல் போர்நிறுத்த உடன்படிக்கை கைச்சாத்தானது. படத்தின் அரசியலில் எனக்கு உடன்பாடில்லாத இடங்கள் உண்டு, அது வேறு கட்டுரைக்குரியது. சமாதானத்தை வேண்டும் பாடலை ரஹ்மான் தாமே, குரலை உயர்த்தாமற் பாடினார். அப்படத்தின் இசைக்கு இந்தியத் தேசிய விருது கிடைத்தது.

2009 பெப்ரவரியில், வன்னியில் போர் கடைசிக் கட்டத்தில் இருந்தபோது, இரண்டு ஒஸ்கார் விருதுகளைப் பெற்ற அவர் அந்த மேடையில் இறைவனைப் புகழ்ந்து தமிழில் ஒரு வசனம் சொன்னார். அன்று பாடலுக்கான போட்டியில் அவருடைய இரண்டு பாடல்கள் இருந்தன. வெல்லாத மற்றப் பாடலில் அவரோடு சேர்ந்து உழைத்தவர், சிறுவயதில் யாழ்ப்பாணத்தில் வளர்ந்த மாயா அருள்பிரகாசம்.